டிரை நீட்லிங் செய்துகொள்ளப் போகிறவர்களுக்கு

கழுத்திலும் தோள்பட்டையிலும் மாதக்கணக்கில் தங்கிவிட்ட வலி மாத்திரைக்கும் தைலத்துக்கும் அடங்காதபோது, பிசியோதெரபிஸ்டுகள் சிலர் டிரை நீட்லிங்கைப் பரிந்துரைப்பதுண்டு. மருந்து எதுவும் ஏற்றாமல், உள்துளையற்ற மெல்லிய ஊசியைத் தசையில் இறுகிக் கிடக்கும் முடிச்சுக்குள் நேராகச் செலுத்தும் முறை இது. ஊசி அக்குபங்சரில் பயன்படுவதுதான் என்றாலும், குத்தும் இடத்தை இங்கே தசையின் அமைப்பையும் அதைத் தொடும்போது எழும் வலியையும் வைத்தே தேர்ந்தெடுக்கிறார்கள். முடிச்சில் செலுத்தப்படும் மருந்து மட்டுமன்றி ஊசி குத்துவதும் வலியைத் தணிக்கிறது என்பதைச் செக் நாட்டு மருத்துவர் காரெல் லெவிட் 1979இல் ஒரு கட்டுரையில் எடுத்துக்காட்டினார்.

முதலில், வலி தசையிலிருந்து வருகிறதா என்பது தெளிவாக வேண்டும். தோள்பட்டையின் மேல்தசையிலுள்ள முடிச்சு காதுக்குப் பின்னாலும் நெற்றிப்பொட்டிலும் தலைவலியாகத் தெரியக்கூடும்; இடுப்புக்குக் கீழே, பிட்டத்தின் ஆழத்திலுள்ள தசை முடிச்சோ கால் நெடுக இறங்கி, சயாட்டிகா (இடுப்பிலிருந்து காலுக்கு இறங்கும் நரம்பு அழுந்துவதால் வரும் வலி) என்றே எண்ண வைத்துவிடும். இவற்றில் ஊசிக்கு வேலை இருக்கிறது. ஆனால் கால் பாதத்தைத் தூக்க முடியாமல் தொங்கினாலோ, சிறுநீர், மலம் அடக்க முடியாமல் போனாலோ, அது நரம்பு நசுங்குவதற்கான அறிகுறி. அப்போது ஊசி போடும் யோசனையை விட்டுவிட்டு உடனே மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும்.

இரத்தம் உறைவதைத் தடுக்கும் வார்ஃபரின், குளோபிடோகிரெல் போன்ற மாத்திரைகளை எடுத்துக்கொள்கிறவர்களும், கர்ப்பிணிகளும், ஊசியைக் கண்டாலே மயங்கி விழுகிறவர்களும் அதை மறைக்காமல் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். மார்பக அறுவை சிகிச்சையில் அக்குள் நிணநீர்க் கணுக்களை அகற்றியதால் வீங்கிய கையில் ஊசி போட அனுமதிக்கக் கூடாது. வெறும் வயிற்றோடு போகாமல் லேசாக ஏதாவது சாப்பிட்டுவிட்டுப் போவது நல்லது.

சிகிச்சை தருபவர் இதற்கெனத் தனியாகப் பயிற்சி பெற்றவரா என்று கேட்பதில் கூச்சப்பட வேண்டியதில்லை, ஏனெனில் கழுத்தடியில் நுரையீரலின் நுனி தசைக்கு மிக அருகில் இருக்கிறது. பயிற்சியுள்ளவர் உங்களைப் படுக்க வைத்து, தோள்பட்டைத் தசையைக் கட்டைவிரலுக்கும் மற்ற விரல்களுக்கும் இடையே கவ்வித் தூக்கிப் பிடித்து, ஊசியின் முனை மார்புக்கூட்டை நோக்காதபடி செலுத்துவார். தோலில் நுழையும்போது எறும்புக்கடி அளவே தெரியும். முடிச்சைத் தொட்டதும் தசை தானாக ஒருமுறை வெட்டி இழுக்கும், அதோடு வழக்கமான வலியே அந்த இடத்தில் மீண்டும் எழும். சிகிச்சை தருபவர்கள் பலர் எதிர்பார்ப்பது இந்த வெட்டிழுப்பைத்தான், ஆனாலும் அது வராவிட்டால் சிகிச்சை வீண் என்று சொல்வதற்கில்லை. மின்சாரம் பாய்ந்தாற்போல் சுரீரென்று வலி ஓடினால் ஊசி நரம்பைத் தொட்டிருக்கலாம். பல்லைக் கடித்துப் பொறுக்காமல் அக்கணமே சொல்லிவிட வேண்டும். ஒவ்வொரு முறையும் புதிதாக உறை பிரித்த ஊசியைத்தான் பயன்படுத்துகிறார்களா என்பதை உங்கள் கண்ணாலேயே பார்த்துக்கொள்ளுங்கள்.

அடுத்த ஓரிரு நாட்களுக்கு அந்த இடம் அடித்துப்போட்டாற்போல் நோகும், சிலருக்கு நீலம் பாரிக்கும். வெந்நீர் ஒத்தடமும் லேசான நடமாட்டமும் போதும். மார்பு, தோள்பட்டை, மேல்முதுகு ஆகிய பகுதிகளில் ஊசி போட்டுக்கொண்ட பிறகு மூச்சுத் திணறலோ, மூச்சை இழுக்கும்போது நெஞ்சில் குத்தலோ, வறட்டு இருமலோ தொடங்கினால், சில மணி நேரம் கழிந்திருந்தாலும், நுரையீரல் துளைபட்டிருக்கக்கூடும் என்று கருதி அவசர சிகிச்சைப் பிரிவுக்குப் போக வேண்டும். இது அரிதாகவே நேரும், ஆனால் வீட்டில் படுத்துப் பார்க்கலாம் என்று காலம் தாழ்த்தக்கூடிய விஷயமன்று.

ஆய்வுகளின்படி இதன் பலன் பெரும்பாலும் குறுகிய காலத்துக்கே நிற்கிறது. ஆகவே, வலி தணிந்திருக்கும் அந்தச் சில நாட்களில் கழுத்தையும் தோளையும் வலுப்படுத்தும் பயிற்சிகளைத் தொடங்கிவிட வேண்டும்; ஊசியை மட்டும் நம்பி வாராவாரம் படியேறுவது காசுக்குக் கேடு என்பதே என் கருத்து. மூன்று நான்கு அமர்வுகளுக்குப் பிறகும் மாற்றம் தெரியாவிட்டால் அடுத்த அமர்வுக்குப் பணம் கட்டாமல், வலிக்கு வேறு காரணம் இருக்கிறதா என்று எலும்பு மருத்துவரிடமோ நரம்பியல் மருத்துவரிடமோ காட்டுங்கள்.