100 மீட்டர் ஓட்டத்துக்கு ஸ்டாப்வாட்ச் பிடிப்பது எப்படி?

எங்கள் ஊர்ப் பள்ளி மைதானத்தில் விடியற்காலை ஓடிப் பழகும் பிள்ளைகளுக்கு மூன்று வருடமாக நான்தான் ஸ்டாப்வாட்ச் பிடிக்கிறேன். முதல் வருடம் ஒரு பெண்ணுக்கு 100 மீட்டர் 13.9 நொடி என்று நோட்டில் எழுதி வைத்திருந்தேன். மாவட்டப் போட்டியில் அவளுக்கு 14.3 வந்தது. ஸ்பைக்ஸைக் கூடக் கழற்றாமல் மர நிழலில் உட்கார்ந்து அழுதாள். அவள் ஓட்டத்தில் ஒரு குறையும் இல்லை, நான் நேரம் எடுத்த விதம்தான் தப்பு. அந்தத் தப்பை நீங்கள் செய்யக் கூடாது என்றுதான் இதை எழுதுகிறேன்.

முதலில் வாட்ச். போனில் எடுக்காதீர்கள். கண்ணாடித் திரையில் விரல் சரியாகப் பட்டதா என்று குனிந்து பார்க்க வேண்டியிருக்கும். அழுத்தினால் 'டிக்' என்று விரலுக்கே தெரிகிற பட்டன் வேண்டும். என்னிடம் இருப்பது கேசியோ எச்எஸ்-3. நூறில் ஒரு பங்கு நொடி வரை காட்டுகிறது, அது போதும்.

நிற்கும் இடம், ஃபினிஷ் கோட்டுக்கு நேர் பக்கவாட்டில். கடைசி லேனிலிருந்து குறைந்தது 5 மீட்டர் தள்ளி நில்லுங்கள். ஒரு பெஞ்சு போட்டு ஏறி நின்றால் இன்னும் நல்லது.

இனி ஸ்டார்ட். நான் சறுக்கிய இடம் இதுதான். விசில் சத்தம் காதில் விழுந்ததும் அழுத்திக்கொண்டிருந்தேன். சத்தம் நொடிக்குச் சுமார் 345 மீட்டர்தான் போகும். 100 மீட்டர் தாண்டி என் காதுக்கு வர 0.29 நொடி ஆகிவிடும். அவ்வளவு நேரமும் வாட்ச் ஓடவே இல்லை! அந்தப் பெண்ணுக்கு நான் பொய்யாகக் கொடுத்த நேரத்தில் பெரும்பங்கு இதுதான்.

ஆகவே காதை நம்பாதீர்கள், கண்ணை நம்புங்கள். துப்பாக்கி என்றால் புகை. பள்ளிகளில் இருக்கும் மரக் கிளாப்பர் என்றால் இரண்டு பலகையும் சேர்கிற கணம். 'செட்' சொன்னதும் பார்வை கிளாப்பர் மேல் மட்டுமே இருக்கட்டும், பிள்ளைகளைப் பார்க்க வேண்டாம். ஆட்காட்டி விரலால் பட்டனை லேசாக அழுத்தி, அதில் இருக்கும் தொளதொளப்பு போகும் வரை இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். பிறகு ஒரு நூலளவு அழுத்தினாலே போதும். எனக்குக் கட்டைவிரல் ஒத்துவரவில்லை. வாட்ச் ஓடத் தொடங்கியதா என்று ஒரு பார்வை பார்த்துவிட்டு டிராக்குக்கு வாருங்கள்.

முடிவில் கணக்கு உடலுக்குத்தான். தலை, கழுத்து, கை, கால் எது முன்னால் வந்தாலும் சேராது. ஓடி வருபவர் பக்கம் இருக்கிற கோட்டு விளிம்பை உடல் எட்டும்போது அழுத்துங்கள். கடைசி பத்து மீட்டரில் பார்வையைக் கோட்டுக்குக் கொண்டுவந்துவிடுங்கள். ஆள் வருவது தெரிவதால் விரல் முந்திக்கொள்ளும். கை நேரம், அதாவது இப்படி வாட்ச் அழுத்தி எடுக்கும் நேரம், பொதுவாக மின்னணு நேரத்தைவிடக் குறைவாக வருவதற்கு இதுவும் ஒரு காரணம். 1960 ரோம் ஒலிம்பிக் 400 மீட்டரில் மில்கா சிங்குக்குக் கை நேரம் 45.6, மின்னணு நேரம் 45.73. இரண்டையும் ஒப்பிட வேண்டுமானால் கை நேரத்தோடு 100, 200 மீட்டருக்கு 0.24-ம் 400-க்கு 0.14-ம் கூட்டிக்கொள்வது வழக்கம்.

வாட்ச் 14.63 காட்டினால் 14.7 என்றுதான் எழுத வேண்டும். கீழே இறக்கக் கூடாது. 14.60 என்றால் மட்டும் 14.6. நான் 14.6 என்றே எழுதி வந்தேன். 1984 லாஸ் ஏஞ்சலஸ் ஒலிம்பிக் 400 மீட்டர் தடை ஓட்டத்தில் பி.டி. உஷா 55.42, வெண்கலம் வாங்கியவர் 55.41. கை நேரத்தில் இரண்டுமே 55.5 ஆகிவிடும். அந்த நூறில் ஒரு பங்கை நம் விரலால் பிடிக்கவே முடியாது.

ஒருவருக்கு மூன்று வாட்ச் பிடித்தால், இரண்டு ஒத்துப்போகிற நேரத்தை எடுங்கள். மூன்றும் வேறு வேறு என்றால் நடுவில் உள்ளதை எடுங்கள். இரண்டே வாட்ச் என்றால் அதிகமான நேரம்தான் கணக்கு.

பின்சேர்க்கை: காலை வெயில் முகத்தில் அடிப்பதால் கிளாப்பர் தெரியவில்லை என்று இரண்டு பேர் எழுதியிருந்தார்கள். ஓடும் திசையை மாற்றி, வெயில் உங்கள் முதுகுப் பக்கம் வரும்படி கோடு போடுங்கள். மாற்ற இடமில்லை என்றால் பலகைகளுக்குச் சிவப்புப் பெயிண்ட் அடித்து, கிளாப்பரைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்து அடிக்கும்படி ஸ்டார்ட்டரிடம் சொல்லுங்கள். எங்கள் மைதானத்தில் இரண்டையும் செய்திருக்கிறோம்.