பழைய பிளேஸ்டேஷன் (பிஎஸ்4, பிஎஸ்5) கேம் டிஸ்க்கை நல்ல விலைக்கு விற்க

சென்னை ரிச்சி ஸ்ட்ரீட் கடையில் கொடுத்தால் பணம் உடனே கையில். ஆனால் கடைக்காரர் தன் லாபத்தைக் கழித்துக்கொண்டுதான் விலை சொல்வார். கூடுதலாக வேண்டுமென்றால் ஓஎல்எக்ஸில் நேரடியாக விற்கலாம். அங்கே கேட்கும் விலையை அப்படியே நம்பாதீர்கள், வாரக்கணக்கில் விற்காமல் கிடக்கும் விலையாக இருக்கலாம். புது டிஸ்க் தள்ளுபடியில் என்ன விலைக்குக் கிடைக்கிறது என்று பார்த்து, அதற்குக் கீழே வையுங்கள்.

டிஸ்க்கின் அடிப்பக்கத்தை விளக்கொளியில் சாய்த்துப் படமெடுங்கள். கீறல் இருந்தால் மறைக்க வேண்டாம். பாலிஷ் போடவும் வேண்டாம்: இவை ப்ளூ-ரே வகை டிஸ்க்குகள், இவற்றில் தகவல் அடுக்குக்கு மேல் 0.1 மி.மீ. பூச்சுதான், தேய்த்தால் டிஸ்க்கே போச்சு. நடுத்துளையைச் சுற்றி விரிசல் இருக்கிறதா என்றும் பாருங்கள்.

கதை விளையாட்டை முடித்த கையோடு விற்றுவிடுங்கள். வருடாந்திர கால்பந்து விளையாட்டுகள் அடுத்த பதிப்பு வந்ததும் அடிமாட்டு விலைக்குப் போய்விடும். ஒருமுறை பயன்படுத்திய டவுன்லோட் கோடுக்கு மறுவிற்பனையே கிடையாது.

பணம் வாங்கும்போது கவனம்: யுபிஐயில் பணம் பெற பின் நம்பர் தேவையே இல்லை. ‘க்யூஆர் அனுப்புகிறேன், ஸ்கேன் பண்ணுங்க சார்’ என்று வாங்குபவர் சொன்னால் பேச்சை அங்கேயே முடித்துவிடுங்கள்.