செமான்டிக் நெட்வொர்க் வரைகிறவர்கள் செய்யும் தவறுகள்

அறிவை வலையமைப்பாக வரையக் கற்றுக்கொள்ள வருகிறவர்களின் முதல் வரைபடங்களைத் திருத்திக் கொடுப்பது என் வேலையில் ஒரு பகுதி. ஆட்கள் மாறுகிறார்கள், துறை மாறுகிறது, மென்பொருளும் மாறிவிட்டது. தவறுகள் மட்டும் ஒரு காலத்தில் நான் செய்த அதே தவறுகள், கிட்டத்தட்ட அதே வரிசையில். எழுத்துப்பிழை, ஒரே பொருளுக்கு இரண்டு கணு, அம்புக்குறி திருப்பிப் போடுவது போன்றவற்றை இங்கே எழுதப் போவதில்லை. பக்கத்தில் இருப்பவர் ஒரு முறை பார்த்தாலே அவை தெரிந்துவிடும்.

இந்தப் பக்கம் புதிதாக வந்தவர்களுக்கு: கருத்துகளைக் கணுக்களாகவும், அவற்றுக்கு இடையிலான உறவுகளைப் பெயரிட்ட கோடுகளாகவும் எழுதி வைப்பதுதான் செமான்டிக் நெட்வொர்க். ‘கேனரி’யிலிருந்து ‘பறவை’க்கு ஒரு கோடு. ‘பறவை’யிலிருந்து ‘இறக்கை’க்கு ‘உண்டு’ என்று இன்னொரு கோடு. கேனரிக்கு இறக்கை உண்டா என்று கேட்டால், கேனரியிடம் அது எழுதியிருக்காது. கோட்டைப் பிடித்து மேலே போய்ப் பதிலை எடுத்து வரவேண்டும். 1960-களில் ராஸ் குவில்லியன் இதைக் கணினி நிரலாகவே செய்து காட்டினார். மனித நினைவும் இப்படித்தான் இயங்குகிறதா என்ற கேள்வி அப்போதே ஒட்டிக்கொண்டது. அதனால் இந்தத் துறைக்குள் இரண்டு வாசல் வழியாக ஆட்கள் வருகிறார்கள். கணினிக்கு அறிவு புகட்ட வருகிறவர்கள் ஒரு பக்கம், நினைவைப் புரிந்துகொள்ள வருகிறவர்கள் மறுபக்கம். கணுவுக்குப் பெயர் வைக்க மணிக்கணக்கில் விவாதித்துவிட்டு, கோட்டை யோசிக்காமல் இழுத்துவிடுவது இரண்டு தரப்புக்கும் பொது.

பெயர் வைத்ததும் பொருள் வந்துவிட்டதாக நினைப்பது

‘மகிழ்ச்சி’ என்று ஒரு கணு. அதிலிருந்து ‘புன்னகை’க்கு ‘காரணம்’ என்று ஒரு கோடு. பார்க்கிறவருக்கு உடனே புரிந்துவிடுகிறது, ஏனென்றால் மகிழ்ச்சி என்றால் என்ன என்பது அவருக்கு ஏற்கெனவே தெரியும். கணினிக்கு அந்த இரண்டு கணுக்களும் க17, க42 மட்டுமே. ட்ரூ மெக்டெர்மட் 1976-லேயே இந்தப் பழக்கத்தைக் கிண்டலடித்து எழுதினார். பெயர்களை எல்லாம் எண்களாக மாற்றிவிட்டு வரைபடத்தைப் பாருங்கள். எந்தக் கோடு வழியாக எந்த முடிவுக்கு வர முடிகிறதோ, அவ்வளவுதான் உங்கள் வலையமைப்புக்குத் தெரியும்.

‘தொடர்புடையது’ என்ற கோடு

போடாதீர்கள். எல்லாமே எல்லாவற்றோடும் தொடர்புடையதுதான்.

வகையையும் தனிப்பொருளையும் ஒரே கோட்டால் கட்டுவது

இதைச் சொல்லத்தான் எழுதவே உட்கார்ந்தேன். இன்றைக்கும் பார்த்தால் எரிச்சல் வருகிற தவறு இது.

மூன்று வாக்கியங்களை எடுத்துக்கொள்ளுங்கள்.

இந்த விலங்கு ஒரு நீலத் திமிங்கிலம்.
நீலத் திமிங்கிலம் ஒரு பாலூட்டி.
நீலத் திமிங்கிலம் ஒரு சிற்றினம்.

மூன்றிலும் ‘ஒரு’ வருகிறது. ஆகவே மூன்றுக்கும் ஒரே கோடு. ‘இஸ்-ஏ’ (is-a, ‘ஒரு வகை’) என்று ஆகிவந்த பெயர் ஒன்றும் அதற்குத் தயாராக இருக்கிறது. இப்போது முதல் கோட்டையும் மூன்றாவது கோட்டையும் பிடித்து மேலே போங்கள்: இந்த விலங்கு ஒரு சிற்றினம். அபத்தம். ஆனால் வலையமைப்பு கூச்சமே இல்லாமல் அந்த முடிவைச் சொல்லும், நீங்கள் கொடுத்த விதி அதுதானே.

முதல் வாக்கியம் ஒரு தனிப்பொருளை ஒரு வகைக்குள் வைக்கிறது. இரண்டாவது, ஒரு வகை முழுவதையும் இன்னொரு பெரிய வகைக்குள் அடக்குகிறது. மூன்றாவதில் நீலத் திமிங்கிலம் என்ற வகையே ஒரு தனிப்பொருளாகி, ‘சிற்றினம்’ என்ற பட்டியலில் ஓர் உறுப்பாக உட்காருகிறது. துணைவகைக் கோடுகளை எத்தனை வேண்டுமானாலும் தொடர்ந்து ஏறலாம். தனிப்பொருள் கோட்டை ஒரு தடவைதான் தாண்டலாம். அதற்கு மேல் துணைவகைக் கோடாக இருந்தால் ஏற்றம் தொடரும், இன்னொரு தனிப்பொருள் கோடாக இருந்தால் அங்கேயே நிற்க வேண்டும். கோட்டுக்கு ஒரே பெயர் வைத்தால் எங்கே நிற்பது என்று நிரலுக்கு எப்படித் தெரியும்?

பண்புகளிலும் இதே சிக்கல்தான். நுரையீரலால் மூச்சு விடுவது ஒவ்வொரு திமிங்கிலத்துக்கும் பொருந்தும், அது கீழே இறங்கலாம். ‘அழியும் ஆபத்தில் உள்ளது’ என்பது சிற்றினத்தைப் பற்றிய செய்தி. லின்னேயஸ் 1758-ல் அறிவியல் பெயர் வைத்ததும் சிற்றினத்துக்குத்தான், கடலில் நீந்துகிற இந்த ஒன்றுக்கு அல்ல.

இதெல்லாம் ஏட்டுச் சிக்கல் என்று தோன்றும். ஒரு நிறுவனத்தின் பராமரிப்புப் பிரிவுக்காக இயந்திரங்களை வலையமைப்பில் ஏற்றியிருந்தார்கள். பம்ப் என்ற வகை, அதன் கீழே பம்ப் மாடல்கள், ஒவ்வொரு மாடலின் கீழும் வரிசை எண்ணோடு நிஜமான பம்ப்கள். எல்லாமே ‘இஸ்-ஏ’. ஒரு பம்ப்பில் சீல் கசிகிறது என்று பதிய வந்தவர், தேடலில் முதலில் வந்த மாடல் கணுவிலேயே பதிந்துவிட்டார். அந்த மாடலின் எல்லாப் பம்ப்களும் திரையில் சிவப்பாயின. இது அன்றைக்கே தெரிந்துவிட்டது, திருத்தியும் விட்டார்கள்.

யாருக்கும் தெரியாமல் போனவைதான் செலவு வைத்தன. ‘மொத்தம் எத்தனை பம்ப்?’ என்று கேட்டபோது நிஜப் பம்ப்களோடு மாடல்களையும் சேர்த்து எண்ணிக்கை வந்தது. அந்த எண்ணை வைத்துத்தான் உதிரிப்பாகம் வாங்கினார்கள். மாடல் சந்தைக்கு வந்த ஆண்டு, அதன் கீழே இருந்த எல்லாப் பம்ப்களுக்கும் இறங்கியது. போன வருடம் வாங்கிப் பொருத்திய பம்ப், வயதாகிவிட்டது என்று மாற்ற வேண்டிய பட்டியலில் ஏறியது. பட்டியலைத் தயாரித்தவர் வலையமைப்பை நம்பினார், வலையமைப்போ தனக்குச் சொன்னதைச் செய்தது.

பிறகு சரிசெய்யலாம் என்று நினைப்பவர்களுக்கு: முடியும், ஆனால் கையால்தான். கோடு போட்ட நேரத்தில் போட்டவரின் மனதில் அந்த வேறுபாடு இருந்தது. ஒரே பெயரில் எழுதிய கணமே அது தொலைந்துவிட்டது. வரிசை எண் இருக்கிற கணுக்களை நிரல் பிரித்துவிடும். மிச்சம் உள்ள ஒவ்வொரு கோட்டையும் விஷயம் தெரிந்த ஒருவர் உட்கார்ந்து பார்க்க வேண்டும். அதற்குள் அந்த ஆள் வேறு வேலைக்குப் போயிருப்பார். இந்தத் திருத்த வேலையை எந்தச் செலவுக் கணக்கிலும் தனியாகக் காட்டுவதில்லை. ‘டேட்டா சுத்தம் செய்தல்’ என்ற தலைப்பில் மறைந்துவிடும். அதனால்தான் அடுத்த குழுவும் தைரியமாக இதையே செய்கிறது.

புதுக் கண்டுபிடிப்பு ஒன்றும் இல்லை. கோடுகளுக்கு உண்மையில் என்ன பொருள் என்று வில்லியம் வுட்ஸ் 1975-ல் கேட்டார். ‘இஸ்-ஏ’ என்ற ஒற்றைக் கோட்டுக்குள் எத்தனை விதமான உறவுகள் ஒளிந்திருக்கின்றன என்று ரொனால்ட் பிராக்மன் 1983-ல் பிரித்து அடுக்கினார். அப்படியும், பிரின்ஸ்டனில் ஜார்ஜ் மில்லர் தலைமையில் 1985-ல் தொடங்கிய வேர்ட்நெட் என்ற ஆங்கிலச் சொல் வலையமைப்பில், வகைகளையும் தனிப்பொருள்களையும் பெயர்ச்சொற்களில் பிரித்துக் காட்ட 2.1 பதிப்பு வரை காத்திருக்க வேண்டியிருந்தது. 2012-ல் தொடங்கிய விக்கிடேட்டா என்ற திறந்த அறிவுத் தளம் தனிப்பொருளுக்கு பி31, துணைவகைக்கு பி279 என்று இரண்டு தனித்தனிப் பண்புகளை வைத்திருக்கிறது. அங்கேயும் தினமும் யாராவது இரண்டையும் குழப்பிக்கொண்டுதான் இருக்கிறார்கள். ‘சின்ன புராஜெக்ட்தானே, ஒரே கோடு போதும்’ என்று என்னிடம் சொல்லாதீர்கள்.

கோடு போடும் முன் ‘ஒவ்வொரு’ என்ற சொல்லைச் சேர்த்துச் சொல்லிப் பாருங்கள். ‘ஒவ்வொரு நீலத் திமிங்கிலமும் ஒரு பாலூட்டி’: சரியாக ஒலிக்கிறது, துணைவகை. ‘ஒவ்வொரு நீலத் திமிங்கிலமும் ஒரு சிற்றினம்’: ஒலிக்கவில்லை, தனிப்பொருள் உறவு. வரிசை எண் 3021 உள்ள பம்ப்புக்கு ‘ஒவ்வொரு’ போடவே வழியில்லை, அதுவும் தனிப்பொருள். இரும்பு மாதிரி சில பொருள்கள் இரண்டு பக்கமும் நிற்கும். ‘உலோகம்’ என்பதற்கு அது துணைவகை, ‘தனிமம்’ என்ற பட்டியலில் அது ஓர் உறுப்பு. இத்தகைய இடங்களில் எப்படி வேண்டுமானாலும் முடிவெடுங்கள், எடுத்த முடிவை எழுதி வையுங்கள்.

ஒன்றைக் கவனிக்க வேண்டும். ‘டைனோசர் அழிந்துவிட்டது’ என்று கேட்டால், எந்த டைனோசர் என்று எந்தக் குழந்தையும் கேட்பதில்லை. அன்றாடப் பேச்சில் மனிதர்களுக்கு இந்தக் குழப்பமே வருவதில்லை. நம் தலைக்குள் இருப்பது வெறும் ‘இஸ்-ஏ’ சங்கிலி அல்ல என்பதற்கு இதுவும் ஓர் அறிகுறி.

1969-லேயே நின்றுவிடுவது

நினைவு பற்றிப் படிக்க வருகிறவர்கள் தவறாமல் கொண்டுவரும் படம் ஒன்று உண்டு. மேலே விலங்கு, நடுவில் பறவையும் மீனும், கீழே கேனரி, நெருப்புக்கோழி, சுறா. ஆலன் காலின்ஸும் குவில்லியனும் 1969-ல் வெளியிட்ட சோதனையிலிருந்து வந்தது. ‘கேனரி பாடும்’, ‘கேனரி பறக்கும்’, ‘கேனரிக்குத் தோல் உண்டு’ போன்ற வாக்கியங்களைக் காட்டி, சரியா தவறா என்று பொத்தானை அழுத்தச் சொன்னார்கள். பண்பு எவ்வளவு மேலே இருக்கிறதோ அவ்வளவு தாமதம். ஒரு படிக்குச் சுமார் 75 மில்லி விநாடி. பார்த்தால் மயக்கம் வரும் அளவுக்கு அழகான முடிவு.

அந்த அழகு நீடிக்கவில்லை. ஒரு பண்பை மக்கள் அந்தச் சொல்லோடு எவ்வளவு அடிக்கடி சேர்த்து நினைக்கிறார்கள் என்பதைக் கணக்கில் எடுத்துச் சமன் செய்ததும், படிகளால் வந்த வேறுபாடு பெரும்பாலும் மறைந்துவிடுகிறது என்று கரோல் கான்ராட் 1972-ல் காட்டினார். ‘நாய் ஒரு பாலூட்டி’ என்பதைவிட ‘நாய் ஒரு விலங்கு’ என்பதற்கு மக்கள் வேகமாகப் பதில் சொல்கிறார்கள் என்று அடுத்த ஆண்டு லான்ஸ் ரிப்ஸும் சகாக்களும் கண்டார்கள். பாலூட்டிதானே நடுப்படி? அதைத் தாண்டாமல் மேலே போனது எப்படி? சிட்டுக்குருவியும் நெருப்புக்கோழியும் பறவைக்குக் கீழே ஒரே படியில் இருந்தும், சிட்டுக்குருவிக்கு ‘பறவை’ என்ற பதில் சீக்கிரம் வருகிறது. எலிசபெத் வாரிங்டன் 1975-ல் விவரித்த, மூளை பாதிப்புள்ள நோயாளிகளோ, ஒரு படத்தைக் காட்டினால் அது விலங்கு என்று சொன்னார்கள்; அந்த விலங்கின் தனிப்பட்ட விவரங்கள்தான் அவர்களிடமிருந்து போயிருந்தன. கீழிருந்து மேலே ஏறித்தான் பதில் எடுக்க வேண்டும் என்றால், அடிப்படி பழுதான பிறகு மேல்படி மட்டும் எப்படிக் கைக்கு எட்டியது?

காலின்ஸே 1975-ல் எலிசபெத் லோஃப்டஸுடன் சேர்ந்து படிநிலையைத் தளர்த்தி, நெருக்கமான கருத்துகளுக்குக் குட்டைக் கோடு, தூரமானவற்றுக்கு நீளக் கோடு என்று மாற்றிவிட்டார். மாதிரியை உருவாக்கியவரே அதைத் தாண்டிப் போய்விட்டார். விளக்கப் படங்களில் மட்டும் கேனரி இன்னும் அதே கிளையில் உட்கார்ந்திருக்கிறது.

பண்பை மேலே ஒரே இடத்தில் வைப்பது கணினிக்கு நல்ல சிக்கனம். அதைத் தாராளமாகப் பயன்படுத்துங்கள். மூளையும் அதே சிக்கனத்தைப் பார்க்கிறது என்று மட்டும் எழுதாதீர்கள்.

கிளர்ச்சியை அடங்காமல் பரவ விடுவது

‘மருத்துவர்’ என்ற சொல்லைப் பார்த்தவுடன் ‘செவிலியர்’ என்ற சொல்லை வேகமாக அடையாளம் காண்கிறோம். மேயரும் ஷ்வானவெல்ட்டும் 1971-ல் இத்தகைய சொல் இணைகளை வைத்துத்தான் இதை அளந்தார்கள். ஒரு கணு கிளர்ந்தால், அதாவது தூண்டப்பட்டு விழித்துக்கொண்டால், அதன் அண்டைக் கணுக்களுக்கும் அந்தக் கிளர்ச்சி பரவுகிறது என்பது இதற்கான விளக்கம். நிரலாக எழுத ஆசை வரும், எழுதவும் எளிது. முதல் முறை ஓட்டியதும் வலையமைப்பு முழுவதும் விழித்துக்கொள்ளும். ஒரு கணுவுக்கு 20 அண்டைக் கணுக்கள் என்றால் மூன்றாம் தாவலில் 8,000 வரை போகலாம். தேடியது எங்கே என்று தேட வேண்டியதாகிவிடும்.

இரண்டு கடிவாளங்கள் வேண்டும். ஒவ்வொரு தாவலிலும் கிளர்ச்சி தேய வேண்டும். கூடவே, ஒரு கணுவிலிருந்து கிளம்பும் கோடுகளுக்குள் அது பங்கிடப்பட வேண்டும். இரண்டாவதைத்தான் எல்லாரும் விட்டுவிடுகிறார்கள். ஒருவரைப் பற்றி நிறைய செய்திகளைக் கற்றவர்கள், அவற்றில் ஒன்று சரியா என்று சொல்ல அதிக நேரம் எடுத்துக்கொள்கிறார்கள் என்று ஜான் ஆண்டர்சன் 1974-ல் காட்டினார். பங்கிடுவதற்கு அதைவிட நல்ல நியாயம் எனக்குத் தெரியவில்லை.

நிகழ்ச்சியைக் கோடாக வரைவது

ஆசிரியர் மாணவிக்குப் புத்தகம் கொடுத்தார். கோட்டுக்கு இரண்டு முனைகள்தான், இங்கே மூன்று பேர் நிற்கிறார்கள். ‘கொடுத்தல்-1’ என்று ஒரு கணு போட்டு, கொடுத்தவர், பெற்றவர், பொருள், நேரம் என்று நான்கு கோடுகள் இழுங்கள். பொது அறிவு நினைவும் நிகழ்ச்சி நினைவும் வெவ்வேறு என்று எண்டல் டல்விங் 1972-ல் பிரித்ததை இங்கே ஞாபகம் வைத்துக்கொள்வது நல்லது: ‘கொடுத்தல்’ என்ற பொதுக் கருத்தும் ‘கொடுத்தல்-1’ என்ற அந்த ஒரு சம்பவமும் வேறு வேறு கணுக்கள். மறுபடி வகையும் தனிப்பொருளும்தான், பார்த்தீர்களா.

விதிவிலக்குக்கு இடம் விடாதது

பென்குயின் பறக்காது. பக்கத்தில் எழுதியிருப்பது தூரத்தில் எழுதியிருப்பதை வெல்லும் என்ற விதி இதற்குப் போதும். ஒரு கணுவுக்கு இரண்டு பெற்றோர், அதாவது இரண்டு மேல்வகைகள், வந்தால் போதாது. அமெரிக்க அதிபராக இருந்த ரிச்சர்ட் நிக்சன் குவேக்கர் என்ற கிறிஸ்தவப் பிரிவைச் சேர்ந்தவர், குவேக்கர்கள் போரை எதிர்ப்பவர்கள். நிக்சன் ஒரு குடியரசுக் கட்சிக்காரர், அவர்கள் அப்படி இல்லை என்று வைத்துக்கொள்வோம். இரண்டு வழியும் ஒரே தூரம். ‘முடிவு தெரியவில்லை’ என்று சொல்லும் வலையமைப்பு நேர்மையானது. எந்தக் கோடு முதலில் பதிவானதோ அதை எடுத்துக்கொள்ளும் மென்பொருளை நிறையப் பார்த்திருக்கிறேன்.

கோடு இல்லாததை ‘இல்லை’ என்று படிப்பது

எழுதாதது பொய்யா, அல்லது தெரியாததா என்பதை முதல் நாளே முடிவு செய்யுங்கள். இறந்த தேதி பதியாதவர்கள் எல்லாரையும் உயிரோடு இருப்பவர்களாக எண்ணி ஓர் அறிக்கை என் மேசைக்கு வந்தது. அந்தப் பட்டியலில் 1600-களில் பிறந்தவர்களும் இருந்தார்கள்.