பெயர் அறியப்படாத கலைஞரின் பணிவரலாற்றைத் தொகுக்கும் முறை

சில குறும்படங்களில் நடித்து, ஓரிரு தனி ஆல்பங்களில் பாடி, சிறிய அரங்குகளிலேயே இருபது ஆண்டுகளைக் கழித்த ஒரு சென்னைக் கலைஞரின் வரலாறு பெரும்பாலும் அவர் வீட்டுப் பரணில் உள்ள அட்டைப்பெட்டியில்தான் இருக்கும். ஆகவே பேட்டியைப் பிறகு வைத்துக்கொண்டு, முதலில் அந்தப் பெட்டியைத் திறக்கச் சொல்லுங்கள். பொதுவாகக் கேட்டால் ஆண்டுகள் குழம்பும். பழைய நோட்டீஸ் ஒன்றைக் கையில் கொடுத்துக் கேட்டால், அன்று தபேலா வாசித்தவர் யார், பேசிய பணம் வந்ததா என்பது வரை அவரே சொல்லத் தொடங்குவார்.

மினி டிவி (MiniDV) எனும் சிறு வீடியோ கேசட்டுகளும் வீட்டில் பதிந்த டிவிடிக்களும் விரைவில் கெடக்கூடியவை என்பதால், அவற்றை உடனே இரண்டு ஹார்ட் டிஸ்க்குகளில் பிரதி எடுத்து, ஒன்றைக் கலைஞரிடமே கொடுத்துவிடுங்கள்.

அடுத்தது காலத்தை உறுதிசெய்வது. நோட்டீஸ்களில் கிழமையும் தேதியும் இருக்கும், ஆண்டு பல வேளைகளில் இராது. 'மார்ச் 14, சனிக்கிழமை' என்று மட்டும் இருந்தால், கைப்பேசி நாட்காட்டியில் பின்னோக்கிப் பாருங்கள்: 2000 முதல் 2025 வரை 2020, 2015, 2009 ஆகிய ஆண்டுகள்தான் பொருந்துகின்றன. எழும்பூர் கன்னிமாரா பொது நூலகத்தில் பழைய நாளிதழ்களைக் கேட்டு, அந்த மூன்று நாட்களின் 'இன்றைய நிகழ்ச்சிகள்' பகுதியை மட்டும் பார்த்தால் போதும். மாதக்கணக்கில் தேட வேண்டியதில்லை.

மிகுந்த கவனம் வேண்டிய இடம் பெயர்ப் பட்டியல். டைட்டில் கார்டில் தலைப்பெழுத்து மாறியிருக்கும், அல்லது 'குழுவினர்' என்ற ஒரே சொல்லுக்குள் அவர் பெயர் மறைந்திருக்கும். எனவே ஒவ்வொரு படைப்புக்கும் அவர் செய்த வேலை, திரையில் வந்த பெயர், அதற்கான சான்று ஆகிய மூன்றையும் தனித்தனியே எழுதுங்கள். டிராக் (இறுதிப் பதிவுக்கு முன் மாதிரிக்காகப் பாடிப் பதியும் குரல்) பாடிய பாடல்களில் கூடுதல் நேர்மை தேவை: வெளியான பதிவில் வேறொருவர் குரல் இருந்தால், 'டிராக் பாடினார்' என்றே குறிக்க வேண்டும். அதுவும் உழைப்புதான், அதை விட்டுவிடுவது அநீதி என்றே நான் கருதுகிறேன். தம் நிகழ்த்துகைக்குத் தம் பெயர் குறிக்கப்பட வேண்டும் எனக் கோரும் உரிமையை, 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தில் 2012இல் சேர்க்கப்பட்ட 38பி பிரிவு நிகழ்த்துகலைஞர்களுக்கு வழங்குகிறது. கலைஞர்கள் பலர் இதை அறியாததால், அவரிடம் தவறாமல் சொல்லுங்கள்.

தொகுத்ததை அச்சிட்டு அவரிடம் கொடுத்து, அவர் கையாலேயே திருத்தச் சொல்லுங்கள். வெளியிட வேண்டாம் என்று அவர் அடித்த வரிகளை நீக்கிவிடுங்கள். அவர் இசைந்தால், பழைய நோட்டீஸ்களையும் பாட்டுப் புத்தகங்களையும் காத்துவரும் தரமணி ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்திடம் ஒரு பிரதியை ஏற்பார்களா என்று கேட்டுப் பாருங்கள். பெட்டியிலிருந்து எடுத்தவற்றை எடுத்த வரிசையிலேயே திரும்ப அடுக்கி, ஒவ்வொரு தாளையும் எண்ணிக் காட்டி ஒப்படையுங்கள்.