தாளைப் பார்க்காமல் கையை வரைவது எப்படி

ஒரு 4பி பென்சில் (மென்மையான முனை, கருமையாக எழுதும்), ஒரு வெள்ளைத் தாள், உங்கள் இடது கை. இவ்வளவு போதும். (இடது கைப் பழக்கம் உள்ளவர்கள் வலது கையை வரையலாம்.)

தாள் நகராமல் இருக்க ஓரங்களில் டேப் ஒட்டுங்கள். கையை லேசாக மடக்கி மேசைமேல் வையுங்கள். பென்சில் முனை தாளைத் தொட்ட பிறகு தாளைப் பார்க்கவே கூடாது. கட்டைவிரல் நகத்தின் விளிம்பில் உங்கள் கண் எறும்பு மாதிரி ஊரட்டும். அதே வேகத்தில் பென்சிலும் நகரட்டும். பத்து நிமிடம்.

முதலில் சலிப்பாக இருக்கும். நாலாவது நிமிடம் வாக்கில் எனக்குள் 'விரல்' என்ற சொல்லே மறைந்துபோகும். நகத்தை ஒட்டிய தோல் மடிப்பு, மூட்டின் மேல் குறுக்கே ஓடும் மூன்று சுருக்கங்கள், அவற்றுக்கு இடையில் மெல்லிய நிழல், இவை மட்டும் மிஞ்சும். ஐம்பது வருடம் கூடவே இருந்த கையை அப்படித்தான் முதன்முறையாகப் பார்த்தேன். என்னைப் பொறுத்தவரை கலை என்பது இந்தப் பார்வைதான். படம் அப்புறம் வருவது.

படம் கோணலாகத்தான் வரும், விரல்கள் ஒன்றன்மேல் ஒன்று ஏறிக் கிடக்கும். அழிக்காதீர்கள். கோடு தயங்கி நடுங்கிய இடங்களைத் தேடுங்கள்; அங்கேதான் நீங்கள் உண்மையாகப் பார்த்திருக்கிறீர்கள். சரி, தேதி போட்டு எடுத்து வையுங்கள். நாளைக்கும் அதே கைதான், வேறு மாதிரி மடக்கி.