உடனிசைவு அமைப்புகளைப் பிழையில்லாமல் வரைவது எப்படி

அசிடேட் அயனியில் கார்பனுக்கும் இரண்டு ஆக்சிஜன்களுக்கும் இடையிலான பிணைப்புகளை அளந்தால் இரண்டும் ஒரே நீளம், ஏறத்தாழ 1.26 ஆங்ஸ்ட்ராம். கீட்டோனில் உள்ள கார்பன்–ஆக்சிஜன் இரட்டைப் பிணைப்பு சுமார் 1.21, ஆல்கஹாலில் உள்ள ஒற்றைப் பிணைப்பு சுமார் 1.43. அசிடேட் இந்த இரண்டுக்கும் நடுவில் நிற்கிறது. பிணைப்புகளையும் தனித்த எலக்ட்ரான்களையும் காட்டும் ஒரே ஒரு லூயிஸ் அமைப்பால் இதைக் காட்ட முடியாது. அதனால்தான் இரண்டு படம் வரைந்து நடுவே ↔ போடுகிறோம். இந்தப் படங்களே உடனிசைவு அமைப்புகள்.

மூலக்கூறு ஒன்றுதான். அது இந்தப் படத்திலிருந்து அந்தப் படத்துக்குத் தாவிக்கொண்டிருப்பதில்லை. எல்லாப் படங்களும் சேர்ந்த உடனிசைவு இனக்கலப்புதான் உண்மையான பொருள். இடையில் ⇌ போட்டுவிட்டால் இரண்டு வெவ்வேறு சேர்மங்கள் சமநிலையில் இருக்கின்றன என்று பொருளாகிவிடும். குறி சின்னதுதான், ஆனால் விடை முழுவதும் தவறாகிவிடும்.

அம்புக்குறிக்கு முன்

முதல் படம் முழுமையாக இல்லாவிட்டால் அடுத்த படம் சரியாக வராது. கார்பன்களைக் கோட்டு முனைகளாகக் காட்டும் கோட்டு வாய்பாட்டில் ஹைட்ரஜனும் தெரியாது, பிணைப்பில் சேராத தனித்த எலக்ட்ரான் இரட்டைகளும் தெரியாது. எனவே பென்சிலை எடுத்ததும் மூன்று வேலை செய்யுங்கள். ஆக்சிஜன், நைட்ரஜன், ஹாலஜன் ஒவ்வொன்றிலும் தனித்த இரட்டைகளைப் புள்ளிகளாக வையுங்கள். பை பிணைப்புக்கு (இரட்டைப் பிணைப்பில் உள்ள இரண்டாவது பிணைப்பு) அருகிலுள்ள கார்பன்களின் ஹைட்ரஜன்களை எழுதிக் காட்டுங்கள். அணுக்களுக்கு எண் கொடுங்கள்.

பிறகு எலக்ட்ரான் கணக்கு. அசிடேட்டில் கார்பன் இரண்டுக்கு 8, ஹைட்ரஜன் மூன்றுக்கு 3, ஆக்சிஜன் இரண்டுக்கு 12, எதிர்மின்சுமைக்கு 1. ஆக 24, அதாவது 12 இரட்டைகள். படத்தில் எண்ணுங்கள்: பிணைப்புகள் 7, தனித்த இரட்டைகள் 5. கணக்கு சரி. இனி எத்தனை படம் வரைந்தாலும் இந்த 12 மாறக் கூடாது; மொத்த மின்சுமையும் மாறக் கூடாது.

முறைசார் மின்சுமைக்கு, அதாவது படத்தில் ஓர் அணுவின்மேல் எழுதும் மின்சுமைக்கு, சூத்திரம் எளிது: இணைதிறன் எலக்ட்ரான்களின் எண்ணிக்கையிலிருந்து, அணுவின்மேல் இருக்கும் தனித்த எலக்ட்ரான்களையும் பிணைப்புகளின் எண்ணிக்கையையும் கழித்துவிடுங்கள். ஆனால் ஒவ்வொரு முறையும் கழித்துக்கொண்டிருந்தால் நேரம் போதாது. கீழே உள்ளது மனப்பாடமாக இருக்கட்டும்:

- ஆக்சிஜன்: 2 பிணைப்பு, 2 தனித்த இரட்டை என்றால் நடுநிலை. 1 பிணைப்பு, 3 இரட்டை என்றால் −. 3 பிணைப்பு, 1 இரட்டை என்றால் +.
- நைட்ரஜன்: 3 பிணைப்பு, 1 இரட்டை நடுநிலை. 4 பிணைப்பு என்றால் +. 2 பிணைப்பு, 2 இரட்டை என்றால் −.
- கார்பன்: 4 பிணைப்பு நடுநிலை. 3 பிணைப்பும் ஒரு தனித்த இரட்டையும் என்றால் −. 3 பிணைப்பு மட்டும், இரட்டை எதுவும் இல்லை என்றால் +.

அம்புக்குறி எங்கே தொடங்கும், எங்கே முடியும்

வளைந்த அம்புக்குறி ஒவ்வொன்றும் இரண்டு எலக்ட்ரான்களைக் குறிக்கிறது. எனவே எலக்ட்ரான் இருக்கும் இடத்தில்தான் அது தொடங்க முடியும்: ஒன்று தனித்த இரட்டை, இல்லையேல் பை பிணைப்பு. முடியும் இடமும் இரண்டுதான்: இரண்டு அணுக்களுக்கு நடுவே முடிந்தால் அங்கே புதிய பை பிணைப்பு, ஓர் அணுவின்மேல் முடிந்தால் அங்கே புதிய தனித்த இரட்டை. இணையாத ஒற்றை எலக்ட்ரான் உள்ள தனி உறுப்பாக இருந்தால் ஒற்றை முள் அம்புக்குறி போட்டு ஒவ்வோர் எலக்ட்ரானாக நகர்த்த வேண்டும்.

நகர்வது பை எலக்ட்ரான்களும் தனித்த இரட்டைகளும் மட்டுமே. அணுக்களை இணைக்கும் முதல் பிணைப்பான சிக்மா பிணைப்பை உடைக்கக் கூடாது, அணு இடம் மாறக் கூடாது. அசிட்டோனையும் அதன் ஈனாலையும் ↔ போட்டு எழுதுவது இந்த விதியை மீறுவதால்தான் தவறு: அங்கே ஒரு ஹைட்ரஜன் கார்பனிலிருந்து ஆக்சிஜனுக்குப் போயிருக்கிறது. அவை இயங்கு சமநிலை மாற்றியங்கள். அவற்றுக்கு ⇌ தான் சரி.

இனி அசிடேட்டை வரைந்து பார்ப்போம். எதிர்மின்சுமை உள்ள ஆக்சிஜனின் ஒரு தனித்த இரட்டையில் முதல் அம்புக்குறி தொடங்கி, அந்த ஆக்சிஜனுக்கும் கார்பனுக்கும் நடுவே முடிகிறது. இத்தோடு நிறுத்தினால் கார்பனுக்கு ஐந்து பிணைப்பு வந்துவிடும். எனவே அதே மூச்சில் இரண்டாவது அம்புக்குறி: ஏற்கெனவே இருந்த பை பிணைப்பின் நடுவில் தொடங்கி மற்ற ஆக்சிஜன்மேல் முடிகிறது. இப்போது இரண்டாவது படத்தை வரைந்து மின்சுமைகளைக் கணக்கிடுங்கள். பழைய எதிர் ஆக்சிஜன் நடுநிலை, மற்றது −. இரட்டைகள் 12, மொத்த மின்சுமை −1. இரண்டு படங்களும் சமமானவை என்பதால் ஒவ்வொரு பிணைப்பும் ஒன்றரைப் பிணைப்பு, ஒவ்வோர் ஆக்சிஜனிலும் அரைப் பங்கு எதிர்மின்சுமை.

அடுத்த படத்தை வரையும்போது மூலக்கூறைத் திருப்பியோ புரட்டியோ போடாதீர்கள். எலும்புக்கூடு அச்சு அசலாக அதே இடத்தில் இருந்தால்தான் எது நகர்ந்தது என்று கண்ணுக்குத் தெரியும். திருப்பி வரைந்த பழைய படத்தையே புதிய அமைப்பு என்று எண்ணுவது அடிக்கடி நடக்கும் பிழை.

நேர்மின்சுமை இருக்கும்போது கை தானாகத் தவறு செய்யும். அல்லைல் நேரயனியில் + அடுத்த முனைக்கு நகர்கிறது என்பதால் பலர் அம்புக்குறியை + குறியிலிருந்தே தொடங்கிவிடுகிறார்கள். அங்கே எலக்ட்ரானே இல்லை, பற்றாக்குறைதான் இருக்கிறது. அம்புக்குறி இரட்டைப் பிணைப்பில் தொடங்கி, + இருக்கும் கார்பனை நோக்கிப் போய், நடுக் கார்பனுக்கும் அதற்கும் இடையில் முடிய வேண்டும். எலக்ட்ரான் ஒரு பக்கம் போகப் போக, + எதிர்ப்பக்கம் போகிறது.

எங்கே வரையலாம், எங்கே வரையக் கூடாது

ஒரு மூலக்கூறைப் பார்த்ததும் சில சேர்க்கைகளைத் தேடுங்கள். பை பிணைப்பை ஒட்டிய அணுவில் தனித்த இரட்டை இருக்கிறதா? பை பிணைப்பை ஒட்டி நேர்மின்சுமை இருக்கிறதா? நேர்மின்சுமைக்கு அடுத்த அணுவிலேயே தனித்த இரட்டை இருக்கிறதா? கார்பனைல்போல எலக்ட்ரான் கவர்தன்மையில் வேறுபட்ட அணுக்களிடையே பை பிணைப்பு இருக்கிறதா? வளையத்தில் ஒன்றுவிட்ட இரட்டைப் பிணைப்புகள் இருக்கின்றனவா? பாடத்தில் வரும் கணக்குகளில் பெரும்பகுதி இவற்றில் அடங்கிவிடும்.

இந்தத் தேடலில் "ஒட்டிய" என்ற சொல்லை விட்டுவிடாதீர்கள். அனிலீனில் நைட்ரஜன் வளையத்தோடு நேரடியாக இணைந்திருக்கிறது. அதன் தனித்த இரட்டை வளையத்துக்குள் போகும். பென்சைலமீனில் நடுவே நான்கு ஒற்றைப் பிணைப்புள்ள ஒரு கார்பன் வந்து வழியை அடைத்துவிடுகிறது. விளைவு எண்ணில் தெரிகிறது: இணை அமிலங்களின் பிகேஏ மதிப்பு (இது குறையக் குறைய அமிலம் வலியது, அதன் காரம் வலுக்குறைந்தது) அனிலீனுக்குச் சுமார் 4.6, பென்சைலமீனுக்குச் சுமார் 9.3. அனிலீனின் இரட்டை வளையத்தோடு பகிரப்பட்டிருப்பதால் புரோட்டானைப் பிடிக்க அது எளிதில் கிடைப்பதில்லை.

பிரிடீனின் நைட்ரஜனிலும் ஒரு தனித்த இரட்டை உண்டு. ஆனால் அதை வளையத்துக்குள் தள்ளக் கூடாது. அந்த நைட்ரஜன் தன் பங்குக்கு ஏற்கெனவே ஒரு பை பிணைப்பில் இருக்கிறது. அதன் தனித்த இரட்டை வளையத்தின் தளத்திலேயே வெளிநோக்கி இருப்பதால் பை ஆர்பிட்டால்களுக்குச் செங்குத்தாக நிற்கிறது. பிர்ரோலில் நிலைமை வேறு. அங்கே நைட்ரஜனுக்கு ஒற்றைப் பிணைப்புகள் மட்டுமே. அதன் இரட்டைதான் ஆறு பை எலக்ட்ரான்களை நிறைவு செய்கிறது. நினைவில் வைக்க வேண்டியது இது: இரட்டைப் பிணைப்பில் இருக்கும் அணுவின் தனித்த இரட்டை அந்த இணைப்புத் தொடரில் சேராது.

நைட்ரஜனுக்கு ஐந்து பிணைப்பு போடுவதும் இங்கே சொல்ல வேண்டியது. கார்பன், நைட்ரஜன், ஆக்சிஜன் மூன்றும் எட்டு எலக்ட்ரானைத் தாண்டவே முடியாது. அம்மோனியம் தொகுதியின் நைட்ரஜன் + தாங்கி நிற்கிறதே என்று அதை நோக்கி அம்புக்குறி விடாதீர்கள்; நான்கு பிணைப்புகளோடு அதன் இடம் நிரம்பிவிட்டது. எட்டுக்குக் குறைவாக இருப்பது கார்பன் நேரயனியில் நடக்கும். எட்டுக்கு மேல் போவது நடக்காது.

எந்தப் படத்துக்கு எடை அதிகம்

எல்லாப் படங்களும் சமமல்ல. ஒப்பிடும்போது வரிசை முக்கியம். முதலில் எண்ம விதி: எல்லா அணுக்களுக்கும் எட்டு நிறைந்த படத்துக்கே முதலிடம். அடுத்து, மின்சுமைப் பிரிவு குறைவாக உள்ளது. அதன் பிறகே எலக்ட்ரான் கவர்தன்மை: எதிர்மின்சுமை ஆக்சிஜனில் இருப்பது கார்பனில் இருப்பதைவிட மேல்.

இந்த வரிசையை மாற்றினால் மெத்தாக்சிமெத்தில் நேரயனியில் (CH₃–O–CH₂⁺) வழுக்கிவிடுவீர்கள். ஒரு படத்தில் + கார்பனில் இருக்கிறது. மற்றதில் ஆக்சிஜனின் தனித்த இரட்டை இரட்டைப் பிணைப்பாகி, + ஆக்சிஜனுக்கு வருகிறது. ஆக்சிஜனுக்கு + பிடிக்காதே என்று முதல் படத்தைத் தேர்ந்தெடுப்பது இயல்பு. ஆனால் முதல் படத்தில் கார்பனுக்கு ஆறு எலக்ட்ரான்கள்தான். இரண்டாவதில் எல்லாருக்கும் எட்டு. இரண்டாவதுதான் முதன்மை.

எடை குறைந்த படத்தை வரையாமல் விட்டுவிடாதீர்கள். ஈனால் புரோட்டானை இழந்து வரும் ஈனோலேட்டில் எதிர்மின்சுமை ஆக்சிஜனில் உள்ள படமே முதன்மையானது. ஆனாலும் அல்கைல் ஹாலைடுடன் அது பெரும்பாலும் கார்பன் வழியாகவே வினைபுரிகிறது. அந்தக் கார்பன் எது என்று காட்டுவது எடை குறைந்த படம்தான். அமைடிலும் இப்படியே. நைட்ரஜனில் +, ஆக்சிஜனில் −, நடுவே கார்பன்–நைட்ரஜன் இரட்டைப் பிணைப்பு என்ற இரண்டாவது படம் இல்லாமல் அமைடைப் புரிந்துகொள்ள முடியாது. அமீனில் 1.47 ஆங்ஸ்ட்ராமாக இருக்கும் பிணைப்பு அமைடில் 1.33 அளவுக்குச் சுருங்குகிறது. அதைச் சுற்றிச் சுழல்வதும் கடினம். டைமெத்தில்ஃபார்மமைடின் இரண்டு மெத்தில்களும் அறை வெப்பநிலையில் என்எம்ஆர் நிரலில் தனித்தனியாகத் தெரிவது அதனால்தான். அமிலம் சேர்த்தால் புரோட்டான் நைட்ரஜனில் ஒட்டாமல் ஆக்சிஜனில் ஒட்டுவதும் அதே படத்தில் தெரிகிறது.

வளையத்தைச் சுற்றி: பீனாக்சைடும் நைட்ரோவும்

வளையத்தில் அவசரப்பட்டால் இரட்டைப் பிணைப்புகள் குழம்பிவிடும். ஒரு நேரத்தில் இரண்டு அம்புக்குறி மட்டும் போட்டு, படத்தை முழுதாக வரைந்து, பிறகு அடுத்ததற்குப் போங்கள்.

பீனாக்சைடில் (புரோட்டானை இழந்த பீனால்) ஆக்சிஜன் இணைந்த கார்பன் 1. இரட்டைப் பிணைப்புகள் 1–2, 3–4, 5–6 இடங்களில். ஆக்சிஜனின் தனித்த இரட்டை 1-ஆம் கார்பனை நோக்கிப் பிணைப்பாகிறது. 1–2 பை பிணைப்பு 2-ஆம் கார்பன்மேல் இரட்டையாக அமர்கிறது. எதிர்மின்சுமை இப்போது ஆர்த்தோவில், அதாவது 1-க்கு அடுத்த இடத்தில். அடுத்து, 2-இன் இரட்டை 2–3 பிணைப்பாகிறது. 3–4 பை பிணைப்பு 4-ஆம் கார்பனுக்குப் போகிறது. இது பாரா, 1-க்கு நேரெதிர் இடம். அடுத்து, 4-இன் இரட்டை 4–5 பிணைப்பாகிறது. 5–6 பை பிணைப்பு 6-இல் அமர்கிறது. மறுபடி ஆர்த்தோ. கடைசியாக 6-இன் இரட்டை 6–1 பிணைப்பாகி, கார்பன்–ஆக்சிஜன் பை பிணைப்பு ஆக்சிஜனுக்கே திரும்பினால் வளையத்தின் மற்றொரு கெக்குலே வடிவம் (இரட்டைப் பிணைப்புகள் இடம் மாறியது) கிடைக்கிறது. மொத்தம் ஐந்து. மின்சுமை 3-இலும் 5-இலும் ஒருபோதும் உட்காரவில்லை என்பதைக் கவனியுங்கள்.

இப்போது 4-ஆம் இடத்தில் ஒரு நைட்ரோ தொகுதியை வையுங்கள். எதிர்மின்சுமை 4-இல் இருக்கும் படத்தில் மேலும் ஒரு நகர்வு சாத்தியம்: 4-இன் இரட்டை 4-க்கும் நைட்ரஜனுக்கும் நடுவே பிணைப்பாகிறது, அதே நேரத்தில் நைட்ரஜன்–ஆக்சிஜன் பை பிணைப்பு ஆக்சிஜன்மேல் போகிறது. இரண்டாவது அம்புக்குறியை மறந்தால் நைட்ரஜனுக்கு ஐந்து பிணைப்பு. இரண்டும் போட்டால் நைட்ரஜனில் +, இரண்டு நைட்ரோ ஆக்சிஜன்களிலும் −, மொத்தம் −1. நைட்ரஜனின் + இந்தப் படத்திலும் அப்படியே இருக்கும். அதை அழித்துவிட்டு மின்சுமை சரியாக வரவில்லையே என்று தேட வேண்டாம்.

இந்த ஆறாவது படத்தில் எதிர்மின்சுமை கார்பனில் இல்லாமல் ஆக்சிஜன்களில் இருப்பதால் அதன் எடை அதிகம். பீனாலின் பிகேஏ சுமார் 10 என்றால் பாரா நைட்ரோபீனாலுக்கு 7.15. நைட்ரோ 3-ஆம் இடத்தில் இருந்தால் எதிர்மின்சுமை அதற்கு அடியில் வந்து சேரவே சேராது. மெட்டா நைட்ரோபீனாலின் பிகேஏ சுமார் 8.4-இல் நிற்கிறது. பீனாலிலிருந்து அந்த அளவு குறைவதற்குக் காரணம் பெரும்பாலும் நைட்ரோவின் தூண்டல் விளைவு, அதாவது சிக்மா பிணைப்புகள் வழியே எலக்ட்ரானை இழுப்பது. பீனாக்சைடின் எதிர்மின்சுமையை மெட்டா நைட்ரோவுக்குள் கொண்டுபோகும் படம் ஒன்று உங்கள் தாளில் வந்துவிட்டால், எங்கோ ஒரு கார்பனுக்கு ஐந்து பிணைப்பு விழுந்திருக்கும், இல்லையேல் ஓர் இரட்டை காணாமல் போயிருக்கும்.