குங்ஃபூ காமெடிப் படத்துக்குச் சண்டைக் காட்சி எழுதுவது எப்படி

'வலது கையால் குத்துகிறான், குனிகிறான், சுழன்று உதைக்கிறான்' என்று பக்கம் பக்கமாக எழுதிக் கொடுத்தால் ஸ்டண்ட் மாஸ்டர் புரட்டிக்கூடப் பார்க்க மாட்டார். இடத்தின் அளவு, நடிகரின் உடல்வாகு, நடிகரை அந்தரத்தில் தூக்க வயர் கட்ட வசதி எல்லாம் பார்த்துத்தான் அவர் அடிகளை அமைப்பார். எழுத்தாளர் தர வேண்டியது, நாயகனை இஷ்டத்துக்கு அடிக்க விடாத ஒரு சிக்கல்.

முதலில் ஒரே ஒரு வரி எழுதுங்கள்: ஜெயிப்பதைத் தவிர நாயகனுக்கு இந்தச் சண்டையில் வேறென்ன வேண்டும்? உதாரணமாக, வாடகைக்கு எடுத்த வெள்ளை கோட் சூட்டை மாலைக்குள் கறை படாமல் திருப்பித் தர வேண்டும். சண்டை நடப்பதோ பெயின்ட் கடையில். பாதி காமெடி இங்கேயே வந்துவிட்டது.

அடுத்து, கடையில் கையில் சிக்கும் பொருள்களில் நான்கைந்தை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்: டின், ரோலர், ஏணி, பிளாஸ்டிக் ஷீட். சண்டைக்கு முந்தைய சீனிலேயே இவை எல்லாம் கண்ணில் பட்டிருக்க வேண்டும். திடீரென்று முளைக்கும் ஏணிக்கு யாரும் சிரிக்க மாட்டார்கள்.

அப்புறம் திருப்பங்கள். மூன்று நிமிடச் சண்டைக்கு நான்கு போதும். ஒவ்வொன்றிலும் கை ஓங்குபவர் மாற வேண்டும். தாளில் இப்படி வரலாம்:

நாயகன் பிளாஸ்டிக் ஷீட்டைச் சுற்றிக்கொண்டு தைரியமாக இறங்குகிறான். அதே ஷீட்டில் வழுக்கி விழுகிறான்.
சூட்டைத் தொட்டால் இவன் பதறுகிறான் என்பது எதிராளிக்குப் புரிகிறது. திறந்த டின்னைக் கையில் எடுக்கிறான்.
கோட்டின் கையைக் காப்பாற்ற நாயகன் கன்னத்தைக் கொடுத்து அறை வாங்குகிறான்.
மேலேயிருந்து ஒரு சொட்டு நீலம், நேராக மார்பில். இருவரும் அதையே பார்க்கிறார்கள். நாயகன் கோட்டைக் கழற்றுகிறான்.

கட்டுப்பாடு உடையும் அந்தக் கடைசி இடத்தில்தான் அவனுடைய முழுத் திறமையும் வெளிவர வேண்டும். முதல் நிமிடத்திலேயே வெளுத்து வாங்கிவிட்டால் மீதி இரண்டு நிமிடத்துக்குச் சரக்கு இருக்காது. பல ஸ்கிரிப்டுகள் விழுவது இங்கேதான்.

நாயகனுக்கு வலிக்கட்டும். குத்திய கையை உதறட்டும். வலிக்காதவனைப் பார்த்துப் பயப்படலாம், சிரிக்க முடியாது. அடியும் அதன் விளைவும் ஒரே ஃப்ரேமில் தெரியும்படி ஒரே வாக்கியத்தில் எழுதுங்கள்; பிரித்தால் எடிட்டிங்கில் இரண்டு ஷாட்டாகி ஜோக் செத்துவிடும். வசனத்தை அடிகளுக்கு நடுவே திணிக்காமல் மூச்சு வாங்கும் இடைவெளியில் வையுங்கள்.

ஸ்கிரிப்டில் ஒரு பக்கம் திரையில் ஒரு நிமிடம் என்ற கணக்கு சண்டைக்குச் செல்லாது. மேலே உள்ள நான்கு திருப்பங்களும் அரைப் பக்கம்கூட வராது, திரையில் மூன்று நிமிடம் ஓடும். தோராய நேரத்தை சீன் தலைப்பிலேயே குறித்துவிடுங்கள், இல்லாவிட்டால் படத்தின் நீளம் தப்பாகிவிடும்.

தொழிலுக்கு வருவோம். இந்த வகைப் படத்தில் எழுத்தாளர் தனியாக வளர்வது அபூர்வம். ஹாங்காங்கில் 1983-ல் வந்த 'ப்ராஜெக்ட் ஏ'யை ஜாக்கி சானும் எட்வர்ட் டாங்கும் சேர்ந்து எழுதினார்கள்; அதன் பிறகும் ஜாக்கியின் பல படங்களில் டாங் எழுதினார். 'ப்ராஜெக்ட் ஏ'யில் வரும் மணிக்கூண்டுக் காட்சிக்கு 1923-ல் மௌனப்பட காமெடி நடிகர் ஹரால்ட் லாயிட் கடிகார முள்ளில் தொங்கிய காட்சிதான் முன்னோடி. குங்ஃபூ படங்களோடு மௌனப்பட காமெடியையும் உட்கார்ந்து பாருங்கள், சத்தத்தை அணைத்துவிட்டு.

வாய்ப்புத் தேடும்போது முழுப்படக் கதையோடு, ஒரே இடம், இரண்டு நடிகர்கள், ஒரு சண்டை என்று பத்துப் பக்கக் குறும்பட ஸ்கிரிப்டும் கையில் இருக்கட்டும். வளர்ந்துவரும் ஸ்டண்ட் குழு எதுவானாலும் அதை ஒத்திகை பார்த்து செல்போனில் எடுத்துவிடலாம். தயாரிப்பாளரிடம் தாளைவிட அந்த வீடியோ வேகமாகப் பேசும்.

ஒப்பந்தத்தில் எத்தனை முறை திருத்தி எழுதித் தருவீர்கள், டைட்டில் கார்டில் பெயர் எப்படி வரும் என்ற இரண்டையும் எழுத்தில் வாங்குங்கள். ஒத்திகைக்கும் போய் உட்காருங்கள். மாஸ்டர் ஏணியைத் தூக்கிவிட்டு டிராலியைக் கொண்டுவந்தால், முந்தைய சீனில் டிராலியை அன்றைக்கே நுழைத்துத் தர ஆள் வேண்டும்.